கிணற்றுக் கல்லில் சிவப்பு மணிகள்: மாணிக்கமா, கார்னெட்டா?

உங்கள் கேள்வியை முதலில் என் வார்த்தையில் திருப்பிச் சொல்லிவிடுகிறேன். கொட்டாம்பட்டிக்குப் பக்கத்தில் உங்கள் தாத்தா தோட்டத்துக் கிணற்றை ஆழப்படுத்த வெடி வைத்திருக்கிறீர்கள். மேலே வந்த வெளிர் நிறக் கல்லில் மிளகு அளவிலிருந்து சுண்டைக்காய் அளவு வரை கருஞ்சிவப்பு மணிகள் பதிந்திருக்கின்றன. பார்க்க வந்த ஒருவர் "இது மாணிக்கம், இலங்கையில இருக்கிற அதே பாறைதான் இங்கயும் ஓடுது" என்று சொல்லி, சோதனைச் செலவுக்கு 15,000 ரூபாய் கேட்டிருக்கிறார். அதனால் எந்தப் பாறையில் எந்த ரத்தினம் எப்படி உருவாகிறது, நம் மதுரைப் பக்கம் கிடைக்குமா என்று கேட்கிறீர்கள். கேள்வி பாறையைப் பற்றியதுதான். ஆனால் அதற்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது, அந்த மனிதரிடம் பணம் கொடுப்பதா வேண்டாமா என்று. அதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். கொடுக்க வேண்டாம். உங்கள் கிணற்றில் வந்தது, நம் பக்கத்துப் பாறையில் சாதாரணமாகக் கிடக்கும் சிவப்புக் கனிமமான கார்னெட்டாகத்தான் இருக்கும். ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்பதற்குத்தான் மீதிப் பதில்.

நான் ஜியாலஜி படித்தவன். இருபத்தாறு ஆண்டுகளாக மதுரை, திண்டுக்கல், சிவகங்கை, விருதுநகர் மாவட்டங்களில் பாறை பார்ப்பதே பிழைப்பு. குவாரிகளுக்குக் கல்லின் தரம் பார்த்திருக்கிறேன், போர்வெல்லுக்கு இடம் பார்த்திருக்கிறேன், மாணவர்களை மலைக்கு அழைத்துப் போயிருக்கிறேன். ஒரு பாறை எப்படி உருவானது என்று என்னால் சொல்ல முடியும். பட்டை தீட்டிய கல்லுக்கு என்ன விலை என்பது ரத்தின வியாபாரிகள் தொழில், அதில் நான் வாய் திறக்க மாட்டேன். அதோடு, நீங்கள் அனுப்பிய இரண்டு படங்களை மட்டும்தான் பார்த்திருக்கிறேன். கல்லைக் கையில் வாங்கி, ஒரு மூலையை உடைத்து, லென்ஸ் வைத்துப் பார்க்காமல் சொல்வதில் எப்போதும் கொஞ்சம் இடைவெளி உண்டு. அது எங்கே இருக்கிறது என்பதை அந்தந்த இடத்தில் சொல்கிறேன்.

ரத்தினம் என்று தனியாக ஒரு இனம் கிடையாது. அதுவும் கனிமம்தான். ஒரு மலை முழுக்க ஒரு கனிமம் மங்கலாக, விரிசலோடு, கையால் பெயர்த்தால் உதிரும் நிலையில் கிடக்கும். அதே கனிமம் எங்கோ ஓரிடத்தில் தெளிவாக, விரிசல் விழாமல், நல்ல நிறத்தோடு வளர்ந்துவிட்டால் அதை ரத்தினம் என்கிறோம். அப்படி வளர மூன்று சேர வேண்டும். தேவையான தனிமங்கள் அந்தப் பாறையில் இருக்க வேண்டும், அந்தக் கனிமத்துக்கு ஏற்ற சூடும் அழுத்தமும் வேண்டும், இடையூறு இல்லாமல் வளர இடமும் காலமும் வேண்டும். இதோடு நான்காவதாக ஒன்றையும் என் மாணவர்களிடம் எப்போதும் சொல்வேன். அந்தப் பாறையில் எது இல்லை என்று பாருங்கள். உங்கள் கேள்விக்கு விடை அந்த நான்காவதில்தான் இருக்கிறது. பின்னால் அதற்கு வருகிறேன்.

பள்ளியில் மூன்று வகைப் பாறை படித்திருப்பீர்கள். உருகிய குழம்பு உறைந்து உண்டான தீப்பாறை, மண்ணும் மணலும் படிந்து இறுகிய படிவுப் பாறை, இவை பூமிக்குள் ஆழத்தில் வெந்து அமுங்கி வேறாக மாறிய உருமாற்றுப் பாறை. மூன்றிலும் ரத்தினம் வரும், வழிதான் வேறு.

தீப்பாறையில் உள்ள முக்கியமான வழி, மிச்சத்தின் வழி. கிரானைட் குழம்பு ஆழத்தில் மெல்ல உறையும்போது இரும்பு, மெக்னீசியம், கால்சியம் எல்லாம் முதலில் உண்டாகும் கனிமங்களில் இடம் பிடித்துக்கொள்ளும். பெரிலியம், லித்தியம், போரான் போன்றவற்றின் அணுக்கள் அளவில் மிகச் சிறியவை. சாதாரணக் கனிமங்களில் அவற்றுக்குப் பொருந்தும் இடம் இல்லை. அதனால் அவை கடைசி வரை நீரோடு சேர்ந்து மீதிக் குழம்பிலேயே தங்கிவிடும். அந்தக் கடைசிக் குழம்பு பக்கத்துப் பாறையின் வெடிப்புகளில் புகுந்து உறையும். நீர் அதிகம் என்பதால் அது இளகலாக இருக்கும். இளகலான குழம்பில் அணுக்கள் எளிதாக நகரும், ஆகவே படிகங்கள் விரல் நீளம், கை நீளம் கூட வளரும். இதைப் பெக்மடைட் என்கிறோம். நம் ஊர்ப் பக்கம் தரையில் வெள்ளை வெளேர் என்று வெங்கச்சாங்கல்லும், ஃபெல்ட்ஸ்பார் என்ற இளஞ்சிவப்புக் கனிமமும், ஏடு ஏடாகப் பிரியும் காக்காப்பொன்னும் பெரிது பெரிதாகக் கிடக்கிற பட்டையைப் பார்த்தால் அது பெக்மடைட்தான். காங்கேயத்தை அடுத்த படியூரில் கிடைத்த நீலப்பச்சை அக்வாமரீன் இந்த வழியில் வந்தது. அது பெரில் என்ற கனிமத்தின் ஒரு நிறம். 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே சுரங்கமே நடந்தது. அதற்கு வெகு காலம் முன்பு, உலகின் நல்ல பெரில்கள் இந்தியாவிலிருந்து வருகின்றன என்று ரோமானியரான பிளினி முதல் நூற்றாண்டில் எழுதியிருக்கிறார். நொய்யல் கரைக் கொடுமணலில் பெரில் உட்படப் பல கற்களை அறுத்து மணி செய்த பட்டறைகளின் எச்சங்கள் அகழாய்வில் கிடைத்திருக்கின்றன. பெரில் என்ற சொல்லே வைடூரியம் என்ற நம் சொல்லின் பிராகிருத வடிவம் கிரேக்கத்துக்குப் போய்த் திரும்பியதுதான். இன்று நாம் வைடூரியம் என்று பூனைக்கண் கல்லைச் சொல்கிறோம், சொல் இருக்கிறது, பொருள் நகர்ந்துவிட்டது.

மரகதமும் பெரில்தான். அதற்குப் பச்சை கொடுப்பது குரோமியம் அல்லது வனேடியம். பெரிலியம் கிரானைட்டின் மிச்சத்தில் இருக்கும், குரோமியமோ ஆழத்திலிருந்து வரும் கரும் பாறையில் இருக்கும். இயல்பில் சந்திக்காத இரண்டும் ஒரே இடத்தில் சந்தித்தால்தான் மரகதம். அதன் அருமைக்கு அதுவே காரணம். வைரத்தின் கதை தனி. அது 150 கிலோமீட்டருக்கும் கீழே உண்டாகி, கிம்பர்லைட் என்ற எரிமலைக் குழாய் வழியாக மேலே தூக்கி வரப்படுகிறது. ஆந்திரத்து வஜ்ரகரூரில் அத்தகைய குழாய்கள் உண்டு. மதுரையில் தேட வேண்டிய பொருள் இல்லை.

படிவுப் பாறையைச் சீக்கிரம் கடந்துவிடலாம். அங்கே வேலை செய்வது குளிர்ந்த நீர். மணலின் மூலப்பொருளான சிலிக்காவைக் கரைத்துக்கொண்டு வரும் நிலத்தடி நீர், இடுக்கிலும் பொந்திலும் அதைப் படியவிட்டால் ஓப்பல், அகேட் போன்றவை உண்டாகும். எரிமலைப் பாறையின் குமிழிப் பொந்துகளிலும் இதே வேலை நடக்கும். கீழடியில் எடுத்த சூதுபவள மணிகளுக்கான கல், தக்காணத்து எரிமலைப் பாறைகள் உள்ள குஜராத், மகாராஷ்டிரப் பக்கத்திலிருந்து வந்திருக்க வேண்டும் என்று கருதுகிறார்கள். மணி செய்யத் தேவையான அளவில் அது மதுரைப் பாறையில் விளைகிற கல் இல்லை. நம் கரிசல் காட்டில் சுக்கான்கல் உண்டாவதும் இதே மாதிரி நீர் படியவிட்டுத்தான், அங்கே சிலிக்காவுக்குப் பதில் சுண்ணாம்பு.

இப்போது உங்கள் கிணற்றுக்கு வருவோம். மேலூர், நத்தம், வாடிப்பட்டி, உசிலம்பட்டி என்று மதுரையிலிருந்து எந்தத் திசையில் போனாலும் காலுக்கடியில் பெரும்பாலும் உருமாற்றுப் பாறைதான். பழனி மலைத்தொடரிலும் சிறுமலையிலும் பெரும்பகுதி சார்னோகைட். புதிதாக உடைத்தால் கரும்பச்சையில், எண்ணெய் தடவியது போல மினுங்கும். சென்னைப் பரங்கிமலையிலும் இதே கல்தான். கொல்கத்தாவில் ஆங்கிலேயக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னோக்கின் கல்லறையில் இருக்கும் கல் இந்த வகை என்பதால் 1893-இல் நிலவியலாளர் தாமஸ் ஹாலண்ட் இந்தப் பெயரை வைத்தார். சார்னோகைட்டுக்கு நடுநடுவே இன்னொரு குடும்பத்துப் பாறைகளும் ஓடுகின்றன. அவை ஒரு காலத்தில் கடலடியில் படிந்த சேறு, மணல், சுண்ணாம்பு. சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன், கோண்டுவானா என்ற பெருங்கண்டம் ஒன்றுகூடிய காலத்தில், இவை ஏறத்தாழ 25, 30 கிலோமீட்டர் ஆழத்துக்கு அமிழ்ந்து 800 டிகிரிக்கு மேல் வெந்தன. வத்தலக்குண்டிலிருந்து பெரியகுளம் போகும் வழியில் உள்ள கெங்குவார்பட்டிப் பாறைகளில் 1,000 டிகிரியை ஒட்டிய சூட்டின் தடயமே இருக்கிறது. கொடைக்கானலுக்கு மலையேறும் முன் டீ குடிக்க நிற்கிற அந்த ஊரை உலகம் முழுக்க உள்ள பாறை ஆய்வாளர்களுக்குத் தெரியும். இந்த வயதையெல்லாம் சிர்க்கான் என்ற மணல்மணி அளவுக் கனிமத்தில் சிக்கிய யுரேனியம் எவ்வளவு ஈயமாக மாறியிருக்கிறது என்று அளந்து கண்டுபிடிக்கிறார்கள். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை, பல ஆய்வுக்கூடங்கள் தனித்தனியே அளந்து அதே காலத்துக்கு வந்திருக்கின்றன.

சேறு என்றால் களிமண், களிமண் என்றால் அலுமினியம் நிறைய. அந்தச் சேறு வேகத் தொடங்கியதும் முதலில் காக்காப்பொன்னாக மாறும். பயோடைட் என்கிற கருப்புக் காக்காப்பொன்னுக்குள் இரும்பும் மெக்னீசியமும் இருக்கும், கொஞ்சம் நீரும் கட்டுண்டிருக்கும். சூடு 800 டிகிரியை நெருங்கும்போது அந்தக் காக்காப்பொன் தாக்குப்பிடிக்காது, உடையும். உள்ளே இருந்த நீர் வெளியே வந்ததும் பாறையின் ஒரு பகுதி உருகும். உருகியது வெளிர் நிறக் குழம்பாக, பட்டை பட்டையாக ஒதுங்கும். காக்காப்பொன்னில் இருந்த இரும்புக்கும் மெக்னீசியத்துக்கும் அந்தக் குழம்பில் இடம் இல்லை. அவை அங்கேயே அலுமினியத்தோடும் சிலிக்காவோடும் கூடி உருண்டை உருண்டையாகத் திரளும். அந்த உருண்டைதான் கார்னெட். ஆக, வெள்ளைப் பட்டையும் சிவப்பு மணியும் வேறு வேறு காலத்தில் வந்தவை இல்லை. ஒரே காக்காப்பொன் உடைந்ததில் பிறந்த இரண்டு பிள்ளைகள். உங்கள் படத்தில் வெளிர் கல்லுக்குள் சிவப்பு மணி இருப்பதைப் பார்த்ததும் எனக்கு இந்தக் கதைதான் கண்ணில் ஓடியது.

இதே கல்லைத்தான் மேலூர்ப் பக்கக் குவாரிகளிலிருந்து அறுத்து, பாலிஷ் போட்டு, காஷ்மீர் ஒயிட் என்ற பெயரில் உலகமெல்லாம் விற்றார்கள். காஷ்மீருக்கும் அதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, வெள்ளை என்பதற்காக வைத்த வியாபாரப் பெயர். அந்தக் கல் பதித்த தரையில் குனிந்து பார்த்தால் அரக்கு நிறப் புள்ளிகள் தெரியும், அத்தனையும் கார்னெட். வாங்குகிறவர்கள் அதைத் துரு என்று நினைத்துக் குறை சொல்வதும் உண்டு. வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு கிரஷரில், ஜல்லி பொறுக்கிக்கொண்டிருந்த ஓர் அக்கா சாப்பாட்டு டப்பாவின் மூடியில் இந்தச் சிவப்பு மணிகளைச் சேர்த்து வைத்திருந்தார். பிள்ளைகள் பல்லாங்குழி ஆட என்றார். அவருக்கு அது மாணிக்கம் இல்லை என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை, தினமும் கூடை கூடையாகப் பார்க்கிறவர்.

சரி, மாணிக்கம் ஏன் அங்கே இருக்க முடியாது? மாணிக்கமும் நீலமும் ஒரே கனிமம், குருந்தம். ஆங்கிலத்துக்குப் போன பெயர்கூட நம் குருந்தம் என்ற சொல்லிலிருந்து போனதுதான். அது வெறும் அலுமினியமும் ஆக்சிஜனும். துளி குரோமியம் சேர்ந்தால் சிவந்து மாணிக்கம் ஆகும், இரும்பும் டைட்டானியமும் சேர்ந்தால் நீலம். இவ்வளவு எளிய பொருள் ஏன் அரிது? ஏனென்றால் சிலிக்கா இருக்கிற இடத்தில் அலுமினியம் தனியாக நிற்காது. கூடிவிடும். கூடினால் ஃபெல்ட்ஸ்பார் ஆகும், சிலிமனைட் ஆகும், இரும்பும் கிடைத்தால் கார்னெட் ஆகும். சிலிக்கா முழுவதும் தீர்ந்த பிறகும் அலுமினியம் மீந்தால்தான் குருந்தம். எது இல்லை என்று பாருங்கள் என்றேனே, அந்த நான்காவது இதுதான். குவார்ட்ஸ் என்பது வெறும் சிலிக்கா, அது பாறையில் கண்ணுக்குத் தெரிகிறது என்றால் சிலிக்கா தீரவில்லை, மீந்து கிடக்கிறது என்று பொருள். உங்கள் இரண்டாவது படத்தில் சிவப்பு மணியை ஒட்டிச் சாம்பல் நிறத்தில் உடைந்த கண்ணாடி மாதிரி இருப்பது குவார்ட்ஸ், நம் வெங்கச்சாங்கல். குவார்ட்ஸை உரசிக்கொண்டு மாணிக்கம் வளர்ந்திருக்காது. என் உறுதி முழுக்க அந்தச் சாம்பல் நிறத்தின் மேல்தான் நிற்கிறது. மிகக் கடுமையான சூட்டைக் கண்ட சில பாறைகளில் குருந்தமும் குவார்ட்ஸும் தொட்டுக்கொண்டிருப்பதாகச் சில ஆய்வுகள் சொல்கின்றன. அவை உண்மையிலேயே ஒன்றாக வளர்ந்தனவா என்று விவாதம் ஓயவில்லை. ஆனால் அங்கே பேசப்படுவது நுண்ணோக்கியில் பார்க்கும் துகள், சுண்டைக்காய் அளவு மணி இல்லை.

அப்படியானால் குருந்தம் எங்கே வரும்? சிலிக்கா குறைந்த இடங்களில். நாமக்கல் மாவட்டம் சித்தம்பூண்டியில் அனார்த்தோசைட் என்ற கால்சியம் மிகுந்த பாறையில் குருந்தம் இருக்கிறது. பர்மாவின் மோகோக்கில் சலவைக்கல்லில் மாணிக்கம் வருகிறது, பழைய சுண்ணாம்புப் படிவு வெந்து மாறியது அது, அதில் சிலிக்கா சொற்பம். கிரானைட் குழம்பின் நீர் ஒரு சிலிக்கா வறண்ட கரும் பாறைக்குள் புகுந்தால், அந்தப் பாறை சிலிக்காவை உறிஞ்சிக்கொள்ள, அலுமினியம் தனித்து விடப்பட்டு அங்கேயும் குருந்தம் உண்டாகும். நம் பக்கமும் சுண்ணாம்பு வெந்த பாறை உண்டு. அருப்புக்கோட்டையை அடுத்த பந்தல்குடிப் பக்கம் சிமெண்டுக்கு வெட்டுவது அதைத்தான். அதனால் "மதுரை வட்டாரத்தில் எங்குமே குருந்தம் இருக்காது" என்று நான் சொல்லவில்லை. சொல்வது, உங்கள் கிணற்றில் வந்த இந்தக் கல்லில் இருக்காது என்பது. இந்த இரண்டு வாக்கியத்துக்கும் நடுவில் உள்ள இடைவெளியைத்தான் மாணிக்கம் என்று சொல்லிப் பணம் கேட்கிறவர்கள் பயன்படுத்திக்கொள்கிறார்கள். கெங்குவார்பட்டியில் சாஃபிரின் என்ற கனிமம் உண்டு. அதன் பெயர் நீலக்கல்லின் ஆங்கிலப் பெயரைப் போல ஒலிப்பதால் அங்கே நீலம் கிடைக்கிறது என்று நம்பிப் போனவர்களைப் பார்த்திருக்கிறேன். நிறத்தை வைத்து வைத்த பெயர் அது, கனிமம் வேறு. அதே மாதிரி கார்டியரைட் என்றொரு கனிமம் நம் பாறைகளில் நிறைய. தெளிவாக இருந்தால் ஐயோலைட் என்ற பெயரில் விற்கிறார்கள். ஒரு பக்கம் பார்த்தால் ஊதா கலந்த நீலம், திருப்பிப் பார்த்தால் வெளிறிப்போய் வைக்கோல் நிறம். அதையும் நீலம் என்று நம்பி ஏமாறுவது உண்டு.

இலங்கையில் இருக்கிற அதே பாறைதான் இங்கேயும் என்று அவர் சொன்னாரே, அதில் பாதி உண்மை இருக்கிறது. அதனால்தான் ஆபத்தும். கோண்டுவானாவில் தென்னிந்தியா, இலங்கை, மடகாஸ்கர் மூன்றும் ஒட்டிக்கொண்டிருந்தன. மூன்றும் ஏறத்தாழ ஒரே காலத்தில் இதே ஆழத்தில் வெந்தவை. இலங்கையின் நடுமலைப் பாறையைக் காட்டி இது சிறுமலையா என்று கேட்டால் நானே ஒரு நிமிடம் யோசிப்பேன். ஆனால் இரத்தினபுரியில் யாரும் மலையை உடைத்து நீலம் எடுப்பதில்லை. இல்லம் என்று சொல்லும் பழைய ஆற்றுக் கூழாங்கல் அடுக்கைத் தோண்டி, கூடையில் போட்டுக் கழுவி எடுக்கிறார்கள். அங்கே பெய்கிற மழைக்குப் பாறை பல மீட்டர் ஆழத்துக்கு மக்கி மண்ணாகிறது. மக்கிய மண்ணிலிருந்து எடையுள்ள, தேயாத கற்களை ஆறு பிரித்தெடுத்துப் பள்ளத்தில் குவிக்கிறது. விரிசல் உள்ளது வழியிலேயே நொறுங்கிவிடும், நல்லது மட்டும் வந்து சேரும். பல லட்சம் ஆண்டு வேலை அது. ஒரு டன் பாறையில் துளி இருந்தாலும் போதும், ஆறு சேர்த்துக் கொடுத்துவிடும். தாய்ப்பாறையில் கைநிறையக் கிடைக்கும் இடங்கள் அங்கேயும் சொற்பம்தான். மதுரை மழை மறைவுப் பகுதி. நம் மலைகள் மொட்டைப் பாறையாக நிற்கின்றன. நம் மண்ணிலிருந்தும் கனிமங்கள் பிரிகின்றன, ஆனால் பிரிந்து வருவது என்ன பாருங்கள். மழை பெய்து ஓடை வடிந்ததும் மணல்மேல் கருஞ்சிவப்புக் கோடு போட்டது போல நிற்கும். கையில் எடுத்துப் பார்த்தால் பொடிக் கார்னெட்டும் இரும்புத் தாதும். தெற்கே தேரிக்காட்டிலும் மணவாளக்குறிச்சிக் கடற்கரையிலும் உள்ள கார்னெட், இல்மனைட், சிர்க்கான் மணலெல்லாம் இதே மாதிரி உள்நாட்டுப் பாறைகள் தேய்ந்து வந்தவை. நம் பாறையில் என்ன விளைந்ததோ அதைத்தான் மணலும் காட்டுகிறது.

பெரியவர்கள் சிவப்புக் கல்லை மாணிக்கம் என்று சொல்வதைக் குறையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். வேதியியல் வருவதற்கு முன் எல்லா ஊரிலும் கல்லுக்கு நிறம்தான் பெயர். மாணிக்கமும், ஸ்பினல் என்ற இன்னொரு சிவப்புக் கல்லும் வேறு வேறு கனிமம் என்பதே 1783-இல்தான் தெளிவானது. இங்கிலாந்து அரச கிரீடத்தில் மாணிக்கம் என்று பெயர் பெற்று உட்கார்ந்திருக்கும் பெரிய சிவப்புக் கல் உண்மையில் ஸ்பினல். நம் மதுரையிலேயே, கண்ணகியின் சிலம்பில் இருந்து தெறித்த மாணிக்கப் பரல் இன்றைய கணக்கில் குருந்தமா, கார்னெட்டா, ஸ்பினலா என்று சொல்ல வழி இல்லை. மதுரை ரத்தினக் கடைவீதியில் கற்களின் குற்றம் பார்த்து வாங்கினார்கள் என்று சிலப்பதிகாரம் சொல்கிறது. ஆக, கூர்ந்து பார்க்கும் பழக்கம் இந்த ஊருக்குப் புதிதில்லை.

வீட்டில் செய்யக்கூடிய சோதனைகள் சில உண்டு. ஒவ்வொன்றும் எவ்வளவு நம்பத்தக்கது என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். முதலில் வடிவம். கார்னெட் தடையின்றி வளர்ந்தால் சாய்சதுர முகங்கள் பன்னிரண்டு கொண்ட உருண்டை போல இருக்கும், மாதுளை முத்து மாதிரி. லத்தீனில் மாதுளைக்கு உள்ள சொல்லிலிருந்துதான் அதன் பெயரே வந்தது. குருந்தம் ஆறு பக்கம் கொண்ட பீப்பாய் மாதிரி நீளும். ஆனால் நம் பாறையில் கார்னெட் பெரும்பாலும் முகம் தெரியாத உருண்டையாகவே இருக்கும், ஆகவே முகம் இல்லை என்பதை வைத்து எதையும் முடிவு செய்ய வேண்டாம். அடுத்தது காந்தம். ஹார்டு டிஸ்க்கிலிருந்து எடுத்த பலமான நியோடிமியம் காந்தத்தை எடுத்து, சிறு மணி ஒன்றைத் தெர்மாகோல் துண்டில் வைத்துத் தண்ணீரில் மிதக்கவிட்டு, அருகில் கொண்டுபோங்கள். இரும்பு மிகுந்த கார்னெட் என்றால் மெல்ல நகர்ந்து வரும். மாணிக்கம் வராது. இது நல்ல சோதனை. மூன்றாவது, ரூபாய் நோட்டுப் பார்க்கும் புற ஊதா விளக்கு. இருட்டறையில் மாணிக்கம் பலவும் தணல் போலச் சிவந்து ஒளிரும், நம் கார்னெட் இருட்டாகவே இருக்கும். இரும்பு கலந்த மாணிக்கமும் சில நேரம் ஒளிராது, அதனால் ஒளிர்ந்தால் கவனிக்க வேண்டிய சேதி, ஒளிராவிட்டால் அது மட்டும் சான்றாகாது. கடினம் பார்க்க வேண்டுமானால், 1 முதல் 10 வரையான அளவில் குவார்ட்ஸின் கடினம் 7, கார்னெட் அதற்குச் சற்று மேல், குருந்தம் 9. உங்கள் மணியில் குருந்தக்கல் சாணை கீறல் போட்டால் அது கார்னெட் என்பதோடு பொருந்தும். எடையை வைத்துப் பார்க்க வேண்டாம், இரண்டின் அடர்த்தியும் 4-ஐ ஒட்டியே இருப்பதால் அது எதையும் பிரித்துக் காட்டாது. நெருப்பில் காட்டுவது, பாலில் போடுவது, எலுமிச்சைச் சாற்றில் ஊறவைப்பது என்று யாராவது சொன்னால் விட்டுவிடுங்கள்.

கார்னெட்டும் ரத்தினம்தானே என்று நீங்கள் கேட்கலாம். ஆம், தெளிவான கார்னெட் நகைக்கு ஆகும். ஆனால் நம் பாறையில் உள்ளவை பெரும்பாலும் விரிசல் ஓடியவை. முப்பது கிலோமீட்டர் ஆழத்தில் அமுங்கிக் கிடந்த பாறை மேலே ஏறி வரும்போது அழுத்தம் விலகும், கார்னெட் அதைத் தாங்காமல் உள்ளுக்குள் சிலந்தி வலை போல வெடிக்கும். உள்ளே குவார்ட்ஸும் காக்காப்பொன்னும் சிக்கியிருக்கும். இத்தனை ஆண்டுகளில் இந்த மாவட்டங்களில் பட்டை தீட்டத் தகுந்த கார்னெட் என்று நான் நினைத்தவை இரண்டு கை விரலுக்குள் அடங்கும், அவையும் பொடி. நத்தம் பக்கம் ஒரு குடும்பம் உங்களைப் போலவே கிணற்றுக் கல்லைப் பார்த்து, ஒருவர் பேச்சை நம்பி, சோதனை, சான்று, வியாபாரி வருகிறார் என்று தவணை தவணையாகப் பணம் கட்டி, நல்ல தோட்டத்தில் பெரிய பள்ளத்தையும் தோண்டிவிட்டு என்னிடம் வந்தார்கள். டிரங்குப் பெட்டி நிறையக் கார்னெட். அந்த வீட்டு அம்மா ஒவ்வொன்றையும் துடைத்துத் துணியில் முடிந்து வைத்திருந்தார். அதைச் சொல்ல எனக்கு அன்று வாய் வரவில்லை, சொல்லித்தான் ஆக வேண்டியிருந்தது. அதனால்தான் உங்களுக்கு முதல் பத்தியிலேயே சொன்னேன்.

பக்கத்தில் டங்ஸ்டன் இருக்கிறது என்றால் ரத்தினமும் இருக்கும்தானே என்று கேள்வியின் கடைசியில் கேட்டிருந்தீர்கள். அரிட்டாபட்டி, நாயக்கர்பட்டி விவகாரம் மேலூர் முழுக்கப் பேசப்பட்டதால் வந்த யோசனை என்று புரிகிறது. 2024 நவம்பரில் அந்தச் சுரங்க ஏல முடிவு வந்தது, மக்கள் எதிர்ப்புக்குப் பின் 2025 ஜனவரியில் ரத்தானது. டங்ஸ்டனும் பெரிலியத்தைப் போலக் கிரானைட் குழம்பின் மிச்சத்தில் சேர்கிற தனிமம்தான், அந்த அளவுக்கு உறவு உண்டு. அதற்காக ஒன்று இருந்தால் மற்றது இருக்கும் என்று ஆகாது. இந்தப் பாறைகள் அந்த அளவுக்கு ஏன் வெந்தன என்பதிலேயே அறிஞர்களிடம் இன்னும் ஒருமித்த கருத்து இல்லை. அடியிலிருந்து ஏறிய குழம்பின் சூடு என்பார் உண்டு, ஆழத்திலிருந்து வந்த கார்பன் டை ஆக்சைடுக்குப் பெரிய பங்கு என்பார் உண்டு, நீண்ட காலம் புதைந்திருந்த கதிரியக்கத் தனிமங்களே மெல்லச் சூடேற்றின என்பாரும் உண்டு. எனக்கு மூன்றாவது பக்கம் சாய்வு அதிகம், ஆனால் அது சாய்வுதான்.

இனி நீங்கள் செய்ய வேண்டியது. மணிகளைப் பெயர்த்து எடுக்காதீர்கள். பாறையை விட்டுப் பிரித்த கல் பாதிச் சாட்சியை இழந்த கல். உள்ளங்கை அளவில் இரண்டு மூன்று துண்டுகளை, வெளிர் பட்டையும் கரும் பட்டையும் சிவப்பு மணியும் சேர்ந்து தெரிகிற மாதிரி எடுத்து, கிணற்றில் எத்தனை அடி ஆழத்தில் வந்தது என்று காகிதம் ஒட்டி வையுங்கள். நிலவியல் துறை உள்ள ஏதாவது ஒரு கல்லூரியில் கொண்டுபோய்க் காட்டினால் மெல்லிய சீவலாக அறுத்து நுண்ணோக்கியில் பார்த்துச் சொல்வார்கள், அதற்கு ஆயிரக்கணக்கில் யாரும் கேட்க மாட்டார்கள். உங்கள் நிலமே ஆனாலும், கனிமம் என்று தோண்டி விற்க அரசின் குத்தகை அனுமதி வேண்டும், அதையும் மனதில் வையுங்கள். கிணற்றுக்குத் தோண்டிய வரை ஒன்றும் தவறில்லை. அடுத்த முறை ஊருக்குப் போகும்போது அந்தக் காந்தச் சோதனையைச் செய்து பாருங்கள் தம்பி. மணி நகர்ந்ததா, அதைச் சுற்றிய சாம்பல் நிறக் கல் கத்தி முனையில் கீறல் விழாமல் நின்றதா, இந்த இரண்டையும் எழுதுங்கள். நகரவில்லை, சுற்றியுள்ள கல்லிலும் சுலபமாகக் கீறல் விழுகிறது என்றால் நான் படத்தைத் தவறாகப் படித்திருக்கிறேன் என்று பொருள், அப்போது நானே கொட்டாம்பட்டி வந்து பார்க்கிறேன்.